நிலக்கிழார் அல்ல, நடிகர்

எங்கள் வீட்டுக் கல்யாணப் பத்திரிகை அச்சுக்குப் போகாமல் நின்றது ஒரே ஒரு சொல்லால். பெண்ணின் தகப்பனார் பெயருக்குக் கீழே என்ன போடுவது என்பதுதான் தகராறு. அந்தத் தகப்பனார் என் அக்காள் கங்கையம்மாளின் வீட்டுக்காரர், இரும்புலியூர் ஜெயவேலு. ‘நடிகர்’ என்று போடு என்றார் அவர். வேறு எது வேண்டுமானாலும் போடுங்கள், அது மட்டும் கூடாது என்றார்கள் மாப்பிள்ளை வீட்டார்.

இதை எழுதுகிற நான் மோகன்ராஜ், கங்கையம்மாளின் தம்பி. இரும்புலியூரில் ஹார்டுவேர் கடை வைத்திருக்கிறேன். ஆணியும் பெயிண்டும் பிவிசி பைப்பும் விற்கிறவனுக்கு எழுத்து எதற்கு என்று கேட்பவர்கள் கேட்கட்டும். ஊர் வாயை மூட உலைமூடி கிடையாது. என் மாமாவைப் பற்றி நான் எழுதாவிட்டால் வேறு எவனும் எழுதப் போவதில்லை. எழுதினாலும் தப்பாகத்தான் எழுதுவான்.

மாமாவின் அப்பாவுக்கு ஏரிக்குக் கீழே நெல் விளைகிற நிலம் இருந்தது. ஜி.எஸ்.டி. ரோடு அகலமாக அகலமாக நிலம் மனையாயிற்று, மனை கடையாயிற்று. மாமாவின் அண்ணன் தம்பிகள் கடை கட்டி வாடகைக்கு விட்டு உட்கார்ந்துகொண்டார்கள். மாமா தன் பங்கில் ஒரு வீட்டை மட்டும் வைத்துக்கொண்டு, மிச்சத்தைத் தங்கைகளின் கல்யாணத்துக்கு விட்டுக்கொடுத்துவிட்டு, திருமுடிவாக்கம் எஸ்டேட்டில் ஒரு கம்பெனிக்கு வேலைக்குப் போனார். வாடகை வாங்கிக்கொண்டு சும்மா இருந்திருந்தால் ஊர் அவரைப் பெரிய மனுஷன் என்றிருக்கும். அவருக்கு அந்தப் பெரிய மனுஷத்தனம் வேண்டியிருக்கவில்லை. மேடைதான் வேண்டியிருந்தது.

மேடை கிடைத்த கதை வேடிக்கையானது. வாலிப வயதில் ஒரு நாள் தாம்பரம் ஸ்டேஷனில் சீசன் டிக்கெட்டை வீட்டில் மறந்துவிட்டு வந்து மாட்டிக்கொண்டார். டிக்கெட் பரிசோதகரோடு அவர் செய்த வாக்குவாதம் அந்தப் பிளாட்பாரத்தின் இரண்டு முனைக்கும் கேட்டிருக்கிறது. அந்தப் பரிசோதகர்தான் ‘மருதம் நாடக மன்றம்’ என்று ஒன்றை நடத்திக்கொண்டிருந்தார். மனிதர் அபராதத்தையும் போட்டார், சாயங்காலம் ஒத்திகைக்கும் வரச் சொன்னார்.

அதற்குப் பிறகு முடிச்சூர், வண்டலூர், பெருங்களத்தூர், மண்ணிவாக்கம் என்று எந்த ஊர்த் திருவிழாவில் சரித்திர நாடகம் போட்டாலும் ராஜா வேஷம் ஜெயவேலுவுக்குத்தான். நான் அரை டிராயர் போட்ட காலத்திலிருந்து அந்த ராஜாவைப் பார்த்திருக்கிறேன். காக்கி உடுப்பில் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்குகிற மனிதர், கிரீடம் வைத்ததும் ஒரு சாண் உயர்ந்துவிடுவார். என் அக்காளைப் பெண் பார்க்க வந்தபோது அப்பா தயங்கினார். நான்தான் ராஜாவே நம் வீட்டுக்கு வருகிறார், காபி கொடுங்கள் என்று குதித்தேனாம். அக்காள் இன்றுவரை அதைச் சொல்லிச் சொல்லித்தான் என்னைத் திட்டுவாள்.

பிறகு சினிமா. ஞாயிற்றுக்கிழமைகளில் மின்சார ரயில் ஏறிக் கோடம்பாக்கம் போவார். ஏட்டாக நின்றார், பந்தி விசாரித்தார், மந்திரிக்குப் பின்னால் குடை பிடித்தார். முதல் முறையாக ஒரு வசனம் கிடைத்தபோது வீட்டோடு தியேட்டருக்குப் போனோம். வசனத்தை வெட்டிவிட்டார்கள். திரையில் மாமாவின் முதுகு மட்டும் வந்தது. நான் அந்த முதுகுக்கு விசில் அடித்தேன். முன்சீட்டுக்காரன் திரும்பி முறைத்தான். எங்க மாமா முதுகுடா அது, உங்க வூட்ல யார் முதுகாவது வந்துகீதா என்று கேட்டேன். அவன் திரும்பிக்கொண்டான்.

முதுகோ முகமோ, மாமா ஒரு நாளும் யாரிடமும் ‘சின்ன வேஷம்’ என்று சொன்னதில்லை. குடை பிடிக்கிறவன் எத்தனை வருஷமாக அந்த மந்திரியிடம் வேலை பார்க்கிறான், அவனுக்கு மந்திரியைப் பிடிக்குமா பிடிக்காதா என்றெல்லாம் யோசித்துக்கொண்டுதான் குடையைத் தொடுவார். இதைக் கேட்டு நான் சிரித்திருக்கிறேன். ஆனால் அந்தப் படத்தை மறுபடி பார்த்தால் மந்திரியாக நடித்தவர் நினைவில் நிற்க மாட்டார், குடைதான் நிற்கும்.

இப்படிப்பட்டவரிடம் போய்த்தான் சம்பந்தி மாணிக்கவேல் அந்தப் பேச்சை எடுத்தார். மாமாவின் மகள் சுபத்ராவும் அவர் மகன் இளமாறனும் சிறுசேரியில் ஒரே கம்பெனியில் வேலை. ஒருவரையொருவர் பிடித்துப்போய், இரண்டு வீட்டாரும் ஒரே சாதிசனம் என்பதால் பேச்சு வழுக்கிக்கொண்டு நடந்தது. மாணிக்கவேல் மண்ணிவாக்கத்தில் நிலமும் மணல், ஜல்லி வியாபாரமும் உள்ள ஆள். நிச்சயதார்த்தம் முடிந்து பத்திரிகை எழுத உட்கார்ந்தபோதுதான் வண்டி குடை சாய்ந்தது.

“தப்பா நென்ச்சுக்காதீங்க சம்பந்தி. நாலு பெரிய மனுசன் கைக்குப் போற பத்திரிக. கூத்தாடி வூட்ல பொண்ணு எடுத்தான்னு பேசுவானுங்க. நிலக்கிழார்னு போட்டுக்கலாம், கெத்தா இருக்கும்” என்றார் மாணிக்கவேல்.

“எனக்கு ஏது சம்பந்தி நிலம்? வாசல்ல கீற துளசிச் செடிக்கு நான் கிழாரா?” என்றார் மாமா.

மாணிக்கவேலின் மனைவி கன்னியம்மா புடவைத் தலைப்பைத் திருகிக்கொண்டு தரையைப் பார்த்தாள். அவர்கள் கிளம்பிய பிறகு அக்காள் பிடித்துக்கொண்டாள்.

“ஒரு வார்த்த தானே, போனாப் போவுது. பொண்ணு வாழ்க்கைய நென்ச்சுப் பாருங்க.”

“ஒரு வார்த்தைக்காகத்தான்டி இத்தினி வருசம் ரயில் ஏறினேன்” என்றார் மாமா. குரல் உயரவேயில்லை.

சுபத்ரா மட்டும் அப்பா பக்கம் நின்றாள். “கம்பெனில சேரும்போது ஃபார்ம்ல ஃபாதர் ஆக்குபேஷன் ஆக்டர்னுதான் போட்டேன். அங்க யாரும் சிரிக்கல. இங்க மட்டும் ஏன் கூச்சப்படணும்?” என்றாள். இளமாறனும் தன் அப்பாவிடம் பேசிப் பார்த்தான். மாணிக்கவேல் மசியவில்லை. முகூர்த்தம் நெருங்கிக்கொண்டிருந்தது, பத்திரிகை நின்றுகொண்டிருந்தது.

இந்த நேரம் பார்த்துத்தான் ஸ்ரீவித்யா என்கிற பெண் டைரக்டர் மாமாவைத் தேடி வந்தாள். படம் முழுக்க ஒரே சாவு வீட்டில் நடக்கிற கதை. “படத்தோட நடுநாயகமே நீங்கதான் சார். எல்லாரும் உங்களப் பத்தித்தான் பேசுவாங்க. உங்களுக்குத்தான் டயலாக் கிடையாது” என்றாள். அதாவது பிணம். மாமாவுக்குச் சினிமாவில் கிடைத்த முதல் முழுநீளப் பாத்திரம் பிணம்.

நானாக இருந்தால் எழுந்து உள்ளே போயிருப்பேன். மாமா நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு, “செத்தவர் எப்டிம்மா வாழ்ந்தாரு?” என்று கேட்டார்.

அவள் விழித்தாள். “அது கதையில இல்லையே சார்.”

“வாழ்ந்தது தெரியாம நான் எப்டிம்மா சாவறது?”

இருவரும் உட்கார்ந்து செத்தவனுக்கு ஒரு வாழ்க்கையைக் கட்டினார்கள். மறுநாளிலிருந்து மாமா கட்டிலில் படுத்து ஒத்திகை பார்க்க ஆரம்பித்தார். வயிறு அசையாமல் மூச்சு விட வேண்டும், கண்ணிமைக்குள் விழி உருளக் கூடாது. காபி கொண்டுவந்த அக்காள் அந்தக் கோலத்தைப் பார்த்து டம்ளரைக் கீழே போட்டாள். பொண்ணுக்குக் கல்யாணம் வெச்சுகினு பொணமா படுக்கறியே, உனக்கு அடுக்குமா என்று அழுதாள். திருஷ்டி கழியும் என்று மாமா சமாதானம் சொன்னார். ஆனால் சம்பந்தி வீட்டுக்குச் சொல்ல எங்களில் ஒருவருக்கும் துணிவு வரவில்லை. ராஜா வேஷத்தையே தாங்காதவர்கள் இதைத் தாங்குவார்களா? படம் வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று மூடி வைத்தோம். வினையே அங்கேதான் ஆரம்பித்தது.

படப்பிடிப்பு எங்கள் தெருவிலேயே, அக்காள் வீட்டுக்குச் சற்றுத் தள்ளி இருந்த ஒரு பழைய வீட்டில். கதைக்காகக் ‘கண்ணீர் அஞ்சலி’ போஸ்டர் அடித்துத் தெருமுனையிலும் பஸ் நிறுத்தச் சுவரிலும் ஒட்டினார்கள். மாமா தனக்கு மிகப் பிடித்த போட்டோவை அதற்குக் கொடுத்திருந்தார். கீழே கதையில் செத்தவனின் பெயர்தான் இருந்தது. ஆனால் அஞ்சலி போஸ்டரில் பெயர் படிக்கிறவன் எவன்? முகத்தைப் பார்ப்பான், அடப்பாவமே என்பான், அதற்குள் பஸ் நகர்ந்துவிடும்.

அப்படித்தான் பஸ்ஸில் போன கன்னியம்மாவின் தம்பி பார்த்துவிட்டான். அடுத்த நிமிஷம் மண்ணிவாக்கத்துக்குச் செய்தி போயிற்று. சாவு வீட்டுக்குப் போன் போட்டு, செத்தது நிஜமா என்று விசாரிப்பது எங்கள் பக்கத்தில் மரியாதை இல்லை. மகனையும் சுபத்ராவையும் கூப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள். சிறுசேரியில் அந்த மகானுபாவர்கள் இருவரும் ஒரே மீட்டிங்கில் போனை ஊமையாக்கிவிட்டு உட்கார்ந்திருந்தார்கள். இரண்டு பேரும் எடுக்கவில்லை என்றதும் மாணிக்கவேல் வீட்டில் சந்தேகமே இல்லாமல் போயிற்று. பெரிய மாலையும் கோடித் துணியும் வாங்கிக்கொண்டு காரில் கிளம்பிவிட்டார்கள்.

வந்து பார்த்தால் அக்காள் வீடு பூட்டிக் கிடக்கிறது. இந்தக் கண்றாவியை நான் பார்க்க மாட்டேன் என்று அவள் அன்று பெருங்களத்தூரில் சின்னம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். சற்றுத் தள்ளி ஷாமியானா, பிளாஸ்டிக் நாற்காலி, சங்கு, மேளம். சினிமா வண்டிகளெல்லாம் ஏரிக்கரைப் பக்கம் நின்றன. ரோட்டுப் பக்கமிருந்து வருகிறவனுக்கு அது அச்சு அசல் சாவு வீடு.

உள்ளேயும் அப்படித்தான். ஸ்ரீவித்யா விளக்குக்கூட வைக்காமல், உள்ளறைத் திரைக்குப் பின்னால் கேமராவை மறைத்துவிட்டு, கூடத்தில் நடப்பதை நிறுத்தாமல் எடுக்கிறவள். நான் சொல்லும் வரை எவரும் நிறுத்தக் கூடாது, யார் வந்தாலும் போனாலும் அழுகை பாட்டுக்கு நடக்கட்டும் என்பது அவள் கட்டளை. அழ உட்கார்ந்திருந்தவர்களில் பாதிப் பேர் எங்கள் தெருக்காரர்கள். செத்தவனின் பங்காளியாக நானும் சுவரோரம் துண்டைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நடுவில் ஐஸ் பெட்டி. மின்சாரம் கொடுக்காத அந்தப் பெட்டிக்குள், மூடியைக் கொஞ்சம் தூக்கி வைத்த இடுக்கால் மூச்சு விட்டுக்கொண்டு, நெற்றியில் காசோடு மாமா.

கன்னியம்மா தலைவிரி கோலமாக உள்ளே வந்தாள். பின்னாலேயே மாலையோடு மாணிக்கவேலும் அவள் தம்பியும். நான் எழுந்தால் டேக் போய்விடும், உட்கார்ந்திருந்தால் சம்பந்தம் போய்விடும். எழுந்திருக்கத்தான் பார்த்தேன். அதற்குள் அவள் பெட்டி மேல் விழுந்து ஒப்பாரி எடுத்துவிட்டாள்.

“மண்ணிவாக்கம் திருநாளுல
மைக்குசெட்டு நின்னபோது
கடசிவரிச கேக்குறாப்ல
கர்ஜிச்ச எங்கண்ணா

புதுப்பொண்ணா நான் வந்து
பொட்டல்ல குந்திகினு
ராசான்னா இவருதான்னு
ராவெல்லாம் பார்த்தேனே

நடிகருன்னு போடச்சொல்லி
நாலுதரம் கேட்டீங்களே
பாவிங்க நாங்க அதப்
போடாம தடுத்தோமே

ஒத்தச் சொல்லுக்கு
ஒசுருபோச்சே எங்கண்ணா
ஊருக்கே சொல்லுவேனே
ஒங்களப்போல் யாருண்ணா”

எனக்குத் தெரியவே தெரியாது. பத்திரிகை எழுத உட்கார்ந்த அன்று தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்த இந்தப் பெண்பிள்ளை, கல்யாணமான புதிதில் மாமாவின் ராஜாவை விடிய விடியப் பார்த்தவள் என்று அவளும் சொன்னதில்லை, வேறு யாரும் சொன்னதில்லை. மைக் நின்றுபோன கதையை மாமாவும் சொன்னதில்லை. கூடத்தில் நிஜமாகவே எல்லோரும் அழுதார்கள். கூலிக்கு அழ வந்த பெண்கள் கூலியை மறந்து அழுதார்கள். மாணிக்கவேல் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு விசும்பினார்.

நான் மாமாவைப் பார்த்தேன். வாழ்நாளெல்லாம் எந்த வார்த்தைக்கு ஏங்கினாரோ அந்த வார்த்தையை ஒரு ஜனம் அவர் தலைமாட்டில் சொல்லி அழுகிறது. என் மேல் அது விழுந்திருந்தால் நான் எழுந்து உட்கார்ந்து அழுதிருப்பேன். மாமா அசையவில்லை. இமை துடிக்கவில்லை, வயிறு ஏறி இறங்கவில்லை, நெற்றிக் காசு நழுவவில்லை. நானும் துண்டை இழுத்துப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். என் மாமா நடித்துக்கொண்டிருந்தார், அதைக் கலைக்க நான் யார்?

கடைசியில் ஸ்ரீவித்யா கட் சொன்னாள். மாமா மூடியைத் தள்ளிவிட்டு எழுந்து உட்கார்ந்தார். மாணிக்கவேல் பின்வாங்கி ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் விழுந்தார். நாற்காலி அவரைத் தாங்கவில்லை. கன்னியம்மாவின் தம்பி வாசலுக்கு ஓடியவன் ரோட்டைத் தாண்டித்தான் நின்றான். கன்னியம்மா மட்டும் பெட்டி விளிம்பைப் பிடித்த கையை எடுக்காமல், வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டு நின்றாள்.

சினிமாவில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவரை உடனே ஒரு முறை சிரிக்கச் சொல்லிப் படம் பிடிப்பார்கள், ஆயுசுக்கு நல்லது என்று. கேமராக்காரர் சிரிங்க சார் என்றார். மாமாவால் முடியவில்லை. அதுவரை அடக்கி வைத்தது மொத்தமும் அப்போதுதான் கண்ணால் கொட்டியது. பவுடர் பூசிய முகத்தில் அது கோடு கோடாக இறங்கியது.

“மன்னிச்சுக்கம்மா தங்கச்சி. நடுவுல எய்ந்தா ஷாட்டு பூடும்” என்று கன்னியம்மாவைப் பார்த்துக் கும்பிட்டார்.

நான் ஓடிப்போய் நடந்ததையெல்லாம் ஒரே மூச்சில் சொன்னேன். மாணிக்கவேல் வேட்டியைத் தட்டிக்கொண்டு எழுந்தார். மீசையில் மண் ஒட்டாத மாதிரி அவர் காட்டிக்கொண்டதை இப்போது நினைத்தாலும் எனக்குச் சிரிப்புதான்.

“இன்னாய்யா வெளயாட்டு இது? பொண்டாட்டி மச்சானோட வந்து ஊரு முன்னாடி அய்து பேஜாராயி நிக்கிறோம். இப்டியாப்பட்ட எடத்துல சம்பந்தம் வாணாம். வாடி போலாம்.”

கன்னியம்மா நகரவில்லை. மாமாவைப் பார்த்து மெதுவாகக் கேட்டாள்.

“நான் அய்தது எல்லாம் உங்க காதுல வுழுந்திச்சாண்ணா?”

“ஒரு வார்த்த வுடாம கேட்டேம்மா.”

“அப்பவும் அசையாமத்தான் படுத்துகினு இருந்தீங்களா?”

மாமா தலையாட்டினார். கன்னியம்மா மூக்கைச் சிந்தி, அவிழ்ந்த கொண்டையை முடிந்துகொண்டு, புருஷன் பக்கம் திரும்பினாள்.

“பொணத்துக்கு முன்னால பொய் சொல்லக் கூடாதுன்னு எங்காத்தா சொல்லிக்கீது. நான் இன்னிக்கு ஒரு சொல்லும் பொய் சொல்லல. சொன்னத திருப்பியும் வாங்க மாட்டேன். பத்திரிகைல நடிகர்னுதான் போடணும். உனக்கு வெக்கமா இருந்தா உம் பேர எடுத்துடு.”

மாணிக்கவேல் கூடத்தைச் சுற்றிப் பார்த்தார், எல்லோரும் கன்னியம்மா பக்கம்தான் நின்றார்கள். கடைசியில் பேரம் பேசிப் பழகிய வியாபாரி அல்லவா, அதையே செய்தார்.

“சரி, நாடக நடிகர்னு போட்டுக்கலாம். சினிமா வாணாம்.”

“ரெண்டும் போடணும்” என்றாள் கன்னியம்மா.

பத்திரிகை அச்சாகி வந்தது. மாணிக்கவேலே தாம்பரம் அச்சகத்திலிருந்து கட்டை வாங்கிக்கொண்டு அக்காள் வீட்டுக்கு வந்தார். எழுத்தைச் சின்னதாக்கட்டுமா என்று அச்சகக்காரன் கேட்டானாம். எம் பேருக்கு கீய இன்னா சைஸோ அதே சைஸு என்று சொல்லிவிட்டு வந்தாராம். அவர் திருந்தினாரா, பெண்டாட்டிக்குப் பயந்தாரா என்று நான் ஆராய்ச்சி செய்யவில்லை. அன்று அவருக்கு என் கையால் காபி கொடுத்தேன்.

அக்காள் நாலு மூலைக்கும் மஞ்சள் தடவி ஒன்றைச் சாமி படத்தடியில் வைத்துவிட்டு, இன்னொன்றை மாமாவிடம் கொடுத்தாள். படிங்க, எல்லாரும் கேக்கட்டும் என்றாள். மாமா எழுந்து நின்றார். வீட்டுக்குள் படிக்கிற குரலில் அவருக்குப் படிக்கத் தெரியாது. குலதெய்வம் துணை என்று தொடங்கியதுமே எதிர் வீட்டுக்காரர்கள் வாசலுக்கு வந்தார்கள். நாள், நட்சத்திரம், மண்டபம், மணமகன், மணமகள் எல்லாம் கணீரென்று வந்தன.

தன் பெயரைப் படித்தார். அதற்குக் கீழ் வரிக்கு வந்ததும் நின்றுவிட்டார். தொண்டையைச் செருமினார், மறுபடி முயன்றார். சத்தம் வரவில்லை.

கங்கையம்மாள் அதை அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். பெருமை தாங்காமல் முகம் சிவந்து போயிருந்தது அவளுக்கு. தெருவில் நின்றவர்களுக்கும் கேட்கிற மாதிரி படித்தாள்.

“இரும்புலியூர் திரு. ஜெயவேலு, நாடக, திரைப்பட நடிகர்.”